உதவிபெறும் கல்லூரியில் பணிமூப்புத் தகராறு: பட்டியலைச் சரிபார்ப்பதும் ஆட்சேபிப்பதும்

கண்காணிப்பாளர் ஓய்வுபெற ஆறு மாதம் இருக்கும்போதுதான் பல கல்லூரி அலுவலகங்களில் பணிமூப்புப் பட்டியல் என்ற ஒன்றே நினைவுக்கு வருகிறது. அதுவரை சம்பளப் பட்டியலில் பெயர் எந்த வரிசையில் வந்ததோ அதுவே சீனியாரிட்டி என்று எல்லோரும் நம்பியிருப்பார்கள். பட்டியல் ஒட்டப்பட்ட மறுநாள், பல வருடமாக அடுத்தடுத்த மேசையில் உட்கார்ந்தவர்கள் பேசிக்கொள்வதில்லை. இத்தகைய தகராறுகளைக் கிளறிப் பார்த்தால் அடியில் பெரும்பாலும் இருப்பது ஒன்றுதான்: எந்தத் தேதியை எடுப்பது என்பதில் யாரோ ஒருவர் பல வருடங்களுக்கு முன் தவறியிருப்பார்.

தமிழ்நாட்டில் அரசு உதவிபெறும் கலை அறிவியல் கல்லூரிகளின் ஆசிரியரல்லாப் பணியாளர்களுக்காக இது எழுதப்படுகிறது. இளநிலை உதவியாளர், தட்டச்சர், பண்டகக் காப்பாளர், ஆய்வக உதவியாளர், பதிவறை எழுத்தர், அலுவலக உதவியாளர் என எல்லோருக்கும் அடிப்படை ஒன்றே.

எந்த விதி, எந்தப் பதவி, எந்த அலகு

உதவிபெறும் கல்லூரிப் பணியாளர் சம்பளம் அரசு மானியத்திலிருந்து வந்தாலும் அவர் அரசு ஊழியர் அல்லர். நியமிப்பது கல்லூரி நிர்வாகம். ஒப்புதல் தருவது கல்லூரிக் கல்வி இயக்ககத்தின் மண்டல இணை இயக்குநர். இவர்களுக்குரிய சட்டம் தமிழ்நாடு தனியார் கல்லூரிகள் (ஒழுங்குமுறை) சட்டம், 1976. அதன்கீழ் அதே ஆண்டு வந்த விதிகளும் பிறகு வந்த அரசாணைகளும் அதோடு சேரும். அரசுப் பணியாளர்களுக்கான பழைய மாநில, சார்நிலைப் பணி விதிகளில் பணிமூப்பைப் பற்றிய 35-ஆம் விதியோ, 2016-ஆம் ஆண்டின் அரசுப் பணியாளர் பணி நிபந்தனைகள் சட்டமோ இவர்களுக்கு நேராகப் பொருந்துவதில்லை. ஆனால் தனியார் கல்லூரி விதிகளில் விடை கிடைக்காத இடத்தில் 35-ஆம் விதியின் கொள்கையைத்தான் பெரும்பாலும் அளவுகோலாக எடுத்துக்கொள்கிறார்கள். ஆகவே மனு எழுதும்போது முதலில் 1976 விதிகளையும் பதவிக்குரிய அரசாணையையும் காட்டுங்கள். அதற்கு அடுத்தபடியாக, 35-ஆம் விதியின் கொள்கைப்படியும் இதுவே சரி என்று எழுதுங்கள். எடுத்த எடுப்பில் 35-ஆம் விதியை மட்டும் பிடித்துக்கொண்டால், “அது உங்களுக்குப் பொருந்தாது” என்ற ஒரே வரியில் மனு திரும்பிவரும்.

அடுத்தது பதவி. பணிமூப்பு என்பது ஒரு பதவிக்குள் இருக்கும் வரிசை. “நான் கல்லூரிக்கு 1998-ல் வந்தேன், அவர் 2004-ல் வந்தார்” என்பது வாதமே அல்ல. 1998-ல் அலுவலக உதவியாளராக வந்து 2010-ல் இளநிலை உதவியாளர் ஆனவர், 2004-ல் நேரடியாக இளநிலை உதவியாளராக வந்தவருக்கு அந்தப் பதவியில் இளையவர்தான். கேட்பதற்குக் கடினமாக இருக்கும். கடைநிலையிலிருந்து ஏறி வந்தவர்கள் இதில்தான் அதிகம் மனம் உடைகிறார்கள். இதைப் பட்டியல் வரும் நாளில் தெரிந்துகொள்வதைவிட முன்பே தெரிந்திருப்பது நல்லது.

ஒரே சம்பள நிலையில் இருப்பதாலேயே இரண்டு பதவிகள் ஒரே பதவி ஆகிவிடா. இளநிலை உதவியாளருக்கும் தட்டச்சருக்கும் தனித்தனிப் பட்டியல் இருக்க வேண்டும். அடுத்த படியான உதவியாளர் பதவிக்கு இருவருமே போகலாம் என்று விதி சொன்னால், அந்தப் பதவி உயர்வுக்காக மட்டும் ஒரு கூட்டுப் பட்டியல் தயாரிக்க வேண்டும். தனிப்பட்டியல்களை ஒன்றன்கீழ் ஒன்றாக ஒட்டி, தட்டச்சர்கள் எல்லோரையும் அடியில் தள்ளிவிடும் வழக்கம் சில இடங்களில் உண்டு. அதற்கு எந்த விதியும் இல்லை. கூட்டுப் பட்டியல் தேதிவாரியாகக் கலந்துதான் வர வேண்டும்.

ஒரே அறக்கட்டளை இரண்டு மூன்று உதவிபெறும் கல்லூரிகளை நடத்தினால், எல்லாம் சேர்ந்து ஒரே அலகா, ஒவ்வொன்றும் தனியா என்பதையும் எழுத்தில் கேட்டு வாங்குங்கள். முன்பு நடந்த பதவி உயர்வுகளில் ஒரே அலகாக நடத்திவிட்டு, உங்கள் முறை வரும்போது மட்டும் தனி அலகு என்றால் அதைக் கேள்வி கேட்க முழு உரிமை உண்டு.

எந்தத் தேதி

ஒருவருடைய பணிப்பதிவேட்டில் குறைந்தது நான்கு தேதிகள் இருக்கும்: நியமன ஆணைத் தேதி, பணியில் சேர்ந்த தேதி, இணை இயக்குநர் ஒப்புதல் ஆணையின் தேதி, தகுதிகாண் பருவம் நிறைவடைந்த தேதி. தகராறு பிறக்குமிடம் இதுதான்.

ஒப்புதல் ஆணை எப்போது கையெழுத்தானது என்பது பணிமூப்பைத் தீர்மானிக்காது. கோப்பு யாருடைய மேசையில் எத்தனை மாதம் கிடந்தது என்பதற்கும் உங்கள் உரிமைக்கும் தொடர்பில்லை. அந்த ஆணையில் “எந்த நாள் முதல்” ஒப்புதல் என்று எழுதியிருக்கிறது என்பதை மட்டும் பாருங்கள். சேர்ந்த நாள் முதல் என்றிருந்தால் சிக்கல் இல்லை. “ஆணை நாள் முதல்” என்றிருந்தால் அதுவரை வேலை பார்த்த காலம் கேள்விக்குறியாகிவிடும். அதை அப்போதே திருத்தக் கேட்க வேண்டும். முதல் சம்பள நிலுவை கையில் வந்த மகிழ்ச்சியில் இந்த வரியைப் படிக்காமல் விடுபவர்கள் நிறையப் பேர்.

தகுதிகாண் பருவம் நிறைவுசெய்த தேதியும், பணி நிரந்தரம் ஆன தேதியும் அடிப்படை ஆகா. விதிப்படி நியமிக்கப்பட்டவரின் பணிமூப்பு நியமன நாளிலிருந்து எண்ணப்படும், நிரந்தரமான நாளிலிருந்து அல்ல என்று மகாராஷ்டிர நேரடி நியமனப் பொறியாளர்கள் வழக்கில் உச்ச நீதிமன்ற அரசியல் சாசன அமர்வு 1990-ல் தெளிவாகச் சொல்லிவிட்டது. அதே தீர்ப்பில் மறுபக்கமும் உண்டு: விதிக்கு மாறாக, இடைக்கால ஏற்பாடாக வைக்கப்பட்ட காலம் கணக்கில் வராது. சுயநிதிப் பிரிவில் நிர்வாகச் சம்பளத்தில் ஐந்து ஆண்டு இருந்துவிட்டு உதவிபெறும் பணியிடத்துக்கு வந்தவர், அந்த ஐந்தாண்டைப் பணிமூப்பில் கேட்க முடியாது. பொறுப்புக் கண்காணிப்பாளராக இரண்டு வருடம் கையெழுத்துப் போட்டதும் அந்தப் பதவியில் பணிமூப்பு தராது.

ஒரே தேர்வில் வந்தவர்களுக்குள் தேதியைவிடத் தரவரிசை வலுவானது. இதைக் கணக்காகவே பார்ப்போம்.

ஒரு கல்லூரியில் மூன்று இளநிலை உதவியாளர் பணியிடங்கள். 1.6.2012 அன்று தேர்வுக்குழு நேரடி நியமனத்துக்கு இருவரைத் தேர்ந்தெடுக்கிறது: ‘அ’ முதல் இடம், ‘ஆ’ இரண்டாம் இடம். இருவருக்கும் அன்றே ஆணை, சேர 30 நாள் அவகாசம். ‘ஆ’ 4.6.2012 அன்று சேர்ந்துவிடுகிறார். ‘அ’ முந்தைய வேலையிலிருந்து விடுபட்டு 22.6.2012 அன்று சேர்கிறார். மூன்றாவது இடத்துக்குப் பதிவறை எழுத்தராக இருந்த ‘இ’ பதவி உயர்வு பெற்று 11.6.2012 அன்று சேர்கிறார். இணை இயக்குநர் ஒப்புதல் ‘இ’க்கு ஆகஸ்டில், ‘ஆ’வுக்கு அக்டோபரில், ‘அ’வுக்கு அடுத்த ஜனவரியில் வருகிறது. மூன்றும் சேர்ந்த நாள் முதல்.

ஒப்புதல் வரிசையில் பட்டியல் போட்டால் இ, ஆ, அ. சேர்ந்த தேதி வரிசையில் ஆ, இ, அ. இரண்டுமே தவறு. 35-ஆம் விதியின் கொள்கைப்படி, ஒரே முறையில் தேர்வானவர்களில் இளையவர் முந்திச் சேர்ந்துவிட்டால், மூத்தவரும் அதே நாளில் நியமிக்கப்பட்டதாகக் கொள்ள வேண்டும். ஆகவே ‘அ’வின் தேதி 4.6.2012 ஆகிறது. அவருக்குப் பின் ‘ஆ’, அதன்பின் 11-ஆம் தேதியின் ‘இ’. சரியான வரிசை அ, ஆ, இ. ‘இ’யும் 4-ஆம் தேதியே பதவி உயர்வில் சேர்ந்திருந்தால்? இருவேறு முறைகளில் ஒரே நாளில் வந்தவர்களுக்குள் வயதில் மூத்தவர் முன்னே என்பது அதே விதி. கவனிக்க: வயது இங்கே மட்டும்தான் வருகிறது. ஒரே தேர்வுப் பட்டியலில் வந்த இருவருக்குள் வயதை நுழைப்பது தவறு.

‘அ’ கொடுத்த அவகாசத்தைத் தாண்டிச் சேர்ந்திருந்தால் கதை மாறும். அவகாச நீட்டிப்பை எழுத்தில் வாங்கினாரா, அந்த ஆணையில் பணிமூப்பைப் பற்றி நிபந்தனை உண்டா என்று பார்க்க வேண்டும்.

இட ஒதுக்கீட்டுக்கான இனச் சுழற்சி எண்ணைக் கொண்டு பணிமூப்பு போடும் தவறும் நடக்கிறது. இனச் சுழற்சி, யாருக்கு இடம் என்பதைத் தீர்மானிக்கத்தான். உள்ளே வந்தபின் வரிசை தேர்வுத் தரவரிசைப்படி. பிம்லேஷ் தன்வர் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2003-ல் இதைச் சொன்னது. பணிமூப்பில் இனச் சுழற்சியை நுழைத்த 2016 சட்டத்தின் 40-ஆம் பிரிவை சென்னை உயர் நீதிமன்றம் 2019 நவம்பரில் செல்லாது என்று அறிவித்ததும் இதே சிக்கலில்தான்.

பணிமூப்பைத் தொடாதவை

ஊதிய உயர்வு தள்ளிப்போவதும் பணிமூப்பு இறங்குவதும் ஒன்று என்று பலர் பயப்படுகிறார்கள். ஊதிய உயர்வு நிறுத்தம் என்ற தண்டனை, அது நடப்பில் இருக்கும் காலத்தில் பதவி உயர்வுக்குத் தடையாகலாம். பட்டியலில் இடத்தை மாற்றாது. இடத்தை மாற்ற, பதவி இறக்கம் போன்ற ஆணை தனியாக வேண்டும். ஒருவர் அதிகச் சம்பளம் வாங்குவதாலும் மூத்தவர் ஆகிவிடுவதில்லை.

மாற்றுபவை இரண்டைக் குறித்துக்கொள்ளுங்கள். ஒன்று, சொந்த விருப்பத்தில் வேறு கல்லூரிக்கு மாறுதல். மாறுதல் ஆணையில் “புதிய அலகில் கடைசி இளையவராக” என்ற நிபந்தனை இருக்கும். ஒப்புக்கொண்டு கையெழுத்திட்டபின் பழைய சர்வீஸை அங்கே பணிமூப்புக்குக் கேட்க முடியாது. மற்றது, பதவி உயர்வை விட்டுக்கொடுத்து எழுதும் கடிதம். வீட்டுச் சூழலுக்காக “இப்போது வேண்டாம்” என்று இரண்டு வரி எழுதிக்கொடுப்பவர்கள், அதில் தற்காலிகமாக, எவ்வளவு காலத்துக்கு என்று குறிப்பிட மறந்துவிடுகிறார்கள். அந்த இரண்டு வரி பத்து ஆண்டு கழித்து நிரந்தரத் துறப்பாக வாசிக்கப்படும். காலத்தைக் குறிப்பிட்டு எழுதினாலும், முந்தி மேலே போனவர் மேற்பதவியில் உங்களுக்கு மூத்தவராகிவிடுவார்.

காகிதங்கள்

வாதத்துக்கு முன் காகிதம். உங்களுடையவை: தேர்வுக்கான அழைப்பு, நியமன ஆணை, பணியில் சேர்ந்த அறிக்கை (முற்பகலா பிற்பகலா என்பது உட்பட), ஒப்புதல் ஆணை, தகுதிகாண் பருவ ஆணை, பணிப்பதிவேட்டின் முதல் பக்கமும் நியமனம் பதிந்த பக்கமும். பணிப்பதிவேட்டில் வெள்ளை மை, அடித்தல், மேலெழுத்து இருந்தால், அதில் முதல்வர் அல்லது கல்லூரிச் செயலரின் சான்றொப்பம் இருக்கிறதா பாருங்கள். சான்றொப்பம் இல்லாத திருத்தம் உங்களுக்குச் சாதகமாக இருந்தாலும் நாளை உங்களையே சுடும். இப்போதே ஆதார ஆணையைக் காட்டிச் சரிசெய்துகொள்ளுங்கள்.

நிர்வாகத்திடம் இருப்பவற்றில் முக்கியமானது தேர்வுக்குழுவின் நடவடிக்கைக் குறிப்பு. தரவரிசை அதில்தான் இருக்கிறது. பல கல்லூரிகளில் காணாமல் போவதும் அதுதான். ஆனால் ஒப்புதலுக்காக அனுப்பிய கருத்துருவுடன் அதன் நகல் இணை இயக்குநர் அலுவலகத்துக்குப் போயிருக்க வாய்ப்பு உண்டு. எனவே தகவல் உரிமைச் சட்டத்தில் இரண்டு இடத்திலும் கேளுங்கள். அரசு நிதியில் கணிசமாக நடக்கும் கல்லூரிகள் அந்தச் சட்டத்துக்குள் வரும் என்று டி.ஏ.வி. கல்லூரி அறக்கட்டளை வழக்கில் உச்ச நீதிமன்றம் 2019-ல் தீர்ப்பளித்திருக்கிறது. மனுவுக்கு 10 ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் போதும். 30 நாளில் பதில் வர வேண்டும். வராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு, அதன் பிறகு 90 நாளுக்குள் மாநிலத் தகவல் ஆணையம்.

கேட்கும் விதத்தில் கவனம் வேண்டும். “என்னை ஏன் கீழே போட்டீர்கள்” என்பது தகவல் கேள்வி அல்ல, பதில் வராது. சக ஊழியரின் பணிப்பதிவேடு முழுவதும், அவருக்கு வந்த குறிப்பாணைகள் என்று கேட்டால் தனிப்பட்ட விவரம் என்று மறுப்பார்கள். 2012-ன் கிரீஷ் தேஷ்பாண்டே தீர்ப்பு அவர்கள் கையில் இருக்கும். இப்படிக் கேளுங்கள்: இன்ன ஆண்டு இளநிலை உதவியாளர் நியமனத்துக்கான தேர்வுக்குழு நடவடிக்கைக் குறிப்பின் நகல், அந்த நியமனங்களுக்கான ஒப்புதல் ஆணைகளின் நகல், கடைசியாக இறுதி செய்யப்பட்ட பணிமூப்புப் பட்டியல், அதை ஏற்ற கல்லூரிக் குழுத் தீர்மானம்.

ஆட்சேபணை

தற்காலிகப் பட்டியல் சுற்றுக்கு வரும்போது “பார்த்தேன்” என்று கையெழுத்துக் கேட்பார்கள். பார்த்ததற்கு மட்டும் கையெழுத்திட்டு, பக்கத்தில் தேதியும் “ஆட்சேபணை தனியே அளிக்கப்படும்” என்ற சொற்களும் எழுதுங்கள். பட்டியலின் நகலை அன்றே படமெடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.

மனு ஒரு பக்கம் இருந்தால் போதும். மற்றவரின் குணம், வேலைத்திறன், யாருக்கு வேண்டியவர் என்பதெல்லாம் அதில் வேண்டாம். அவை உங்கள் தேதிகளை மறைத்துவிடும். மேலே சொன்ன ‘அ’ எழுத வேண்டியது இவ்வளவுதான்:

“தற்காலிகப் பணிமூப்புப் பட்டியலில் இளநிலை உதவியாளர் பதவியில் என் பெயர் வரிசை எண் 3-ல் உள்ளது. 1.6.2012 நாளிட்ட தேர்வுக்குழு நடவடிக்கைக் குறிப்பில் நான் தரவரிசை 1. பட்டியலில் வரிசை எண் 2-ல் உள்ளவர் தரவரிசை 2; 4.6.2012 அன்று சேர்ந்தவர். அனுமதித்த 30 நாள் அவகாசத்துக்குள் 22.6.2012 அன்று பணியில் சேர்ந்தேன். வரிசை எண் 1-ல் உள்ளவர் 11.6.2012 முதல் பதவி உயர்வு பெற்றவர். பட்டியல் ஒப்புதல் ஆணைத் தேதியின்படி தயாரிக்கப்பட்டுள்ளது. அது பணிமூப்புக்கு அடிப்படை ஆகாது. எனவே என் பெயரை வரிசை எண் 1-ல் வைத்துத் திருத்தவும், ஏற்க இயலாவிடில் காரணம் காட்டி எழுத்துமூலம் ஆணையிடவும் கேட்டுக்கொள்கிறேன். இணைப்பு: 4.”

முதல்வர் வழியாகச் செயலருக்கு. நகல் மண்டல இணை இயக்குநருக்கு. உங்கள் பிரதியில் அலுவலக முத்திரையும் தேதியும் வாங்குங்கள். மறுத்தால் சண்டை வேண்டாம், அன்றே விரைவு அஞ்சலில் அனுப்பி ரசீதையும் சேர்ப்பு விவரத்தையும் மனுவோடு பின் செய்துவையுங்கள். வாய்மொழியாக “பார்த்துக்கலாம், எழுதிக் கொடுக்க வேண்டாம்” என்று சொல்லும் அன்பான வார்த்தையால் பணிமூப்பை இழந்தவர்கள் அதிகம்.

மூன்று ஆண்டு

காலம்தான் இதில் பெரிய எதிரி. 35-ஆம் விதியில், நியமன நாளிலிருந்தோ பணிமூப்பு நிர்ணயித்த ஆணையிலிருந்தோ மூன்று ஆண்டுக்குள் திருத்த மனு கொடுக்க வேண்டும், பிறகு வருவதை அப்படியே தள்ளிவிடலாம் என்று இருக்கிறது. மெய்ம்மைப் பிழையைத் திருத்துவதற்கு மட்டும் விலக்கு. சிபா சங்கர் மொகபத்ரா வழக்கில் (2010) உச்ச நீதிமன்றமும் மூன்று, நான்கு ஆண்டுதான் நியாயமான காலம் என்றது. பட்டியலே வெளியிடாத கல்லூரியில் உங்களுக்கு எப்போது தெரியவந்தது என்பது முக்கியமாகிறது; அந்த நாளை நிரூபிக்கும் காகிதம் வேண்டும்.

ஆண்டுதோறும் ஒரு நினைவூட்டு மனு போட்டுக்கொண்டே இருந்தால் காலக்கெடு நீளும் என்ற நம்பிக்கை பரவலாக உண்டு. அது நீளாது. மனுவைப் பரிசீலிக்கச் சொல்லி நீதிமன்றத்தில் ஒரு உத்தரவு வாங்கினாலும், செத்துப்போன கோரிக்கை அதனால் உயிர்பெறாது என்பது சி. ஜேக்கப் வழக்கின் (2008) தீர்ப்பு. ஒரு மனு, ஒரு நினைவூட்டு, அதற்கும் பதில் இல்லையென்றால் ஓர் ஆண்டுக்குள் அடுத்த படி என்று வைத்துக்கொள்வது பாதுகாப்பு.

பட்டியல் தயாரிப்பவருக்கு

பெரும்பாலும் இந்தப் பட்டியலைத் தட்டச்சு செய்பவரே அதில் ஒரு பெயராக இருப்பார். அவரை அந்த இக்கட்டில் விடாமல், வரைவை முதல்வரும் நிதியாளரும் மூல ஆணைகளோடு ஒப்பிட்டுக் கையெழுத்திட வேண்டும். பத்திகள்: பெயர், பிறந்த தேதி, நியமன முறை, தேர்வுத் தரவரிசை, ஆணை எண்ணும் தேதியும், சேர்ந்த தேதி, ஒப்புதல் ஆணை எண், எந்த நாள் முதல் ஒப்புதல், தகுதிகாண் பருவ நிறைவு, குறிப்பு. ‘அ’வைப் போல ஒருவருக்குத் தேதியை முன்தள்ளியிருந்தால் குறிப்புப் பத்தியில் காரணம் இருக்க வேண்டும், இல்லையெனில் அடுத்து வரும் எழுத்தர் அதைப் பிழை என்று எண்ணித் “திருத்திவிடுவார்”.

ஜனவரி 1 நிலவரப்படி ஆண்டுதோறும் வெளியிடுங்கள், காலியிடம் இல்லாத ஆண்டிலும். ஆட்சேபிக்க 15 நாள் கொடுங்கள். இறக்கப்படுபவர் யாராக இருந்தாலும் அவருக்கு முன்னறிவிப்புக் கொடுத்து அவர் சொல்வதைக் கேட்ட பிறகே இறக்க வேண்டும். அது இல்லாத ஆணை முதல் விசாரணையிலேயே ரத்தாகும்.

பதவி உயர்வு நடந்துவிட்டால்

பட்டியலை மட்டும் எதிர்ப்பது போதாது. பதவி உயர்வு ஆணையையும் சேர்த்து எதிர்க்க வேண்டும். அதற்குமுன் அந்தப் பதவிக்கு விதி என்ன கேட்கிறது என்று பாருங்கள். பணிமூப்போடு தகுதி என்றால், குறைந்தபட்சத் தகுதி உள்ளவர்களில் மூத்தவருக்கே இடம் (சிவையா வழக்கு, 1998). தகுதியே முதன்மை என்றால் பட்டியலில் முதலிடம் மட்டும் போதாது.

1976 சட்டத்தில் உள்ள மேல்முறையீடு பணிநீக்கம், பதவி இறக்கம் போன்ற தண்டனைகளுக்கானது. பட்டியலில் தவறாக வைக்கப்பட்டவர், செயலரின் முடிவு வந்ததும் இணை இயக்குநரிடமும், அங்கே தீரவில்லையெனில் இயக்குநரிடமும் முறையிட்டு, பிறகு சென்னையிலோ மதுரைக் கிளையிலோ ரிட் மனு போடுவதே நடைமுறை. உங்கள் வழக்கு வென்றால் யார் யார் உங்களுக்குக் கீழே போவார்களோ அவர்கள் எல்லோரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். உடன் வேலை பார்ப்பவரை வழக்கில் இழுக்க மனம் வராமல் விட்டுவிடுவார்கள். பாதிக்கப்படுபவரைக் கேட்காமல் தீர்ப்பளிக்க முடியாது என்று மனுவே தள்ளுபடியாகும். வழக்கறிஞரிடம் போகுமுன் அந்த உடன் பணியாளரிடமே நேரில் போய், தேதியைப் பற்றித்தான் வழக்கு, உங்கள்மேல் குற்றச்சாட்டு இல்லை என்று ஒரு வார்த்தை சொல்லிவிடுங்கள்.

கோரிக்கையில் மூன்றையும் தனித்தனியாகக் கேளுங்கள்: பட்டியலைத் திருத்துவது, இளையவர் உயர்ந்த நாள் முதல் கருத்தியலான (அந்த நாளில் உயர்ந்ததாகக் கணக்கில் கொள்ளும்) பதவி உயர்வு, அதற்குரிய ஊதிய நிலுவை. நிலுவை மறுக்கப்பட்டாலும் கருத்தியலான உயர்வு கிடைத்தால் ஊதிய நிர்ணயம் மாறும், அதன்வழி ஓய்வுக்காலப் பலன்களும் மாறும். ஓய்வுபெறும் நாள் நெருங்கியவர் அந்தத் தேதியை மனுவின் முதல் பத்தியிலேயே எழுதி, விரைந்து விசாரிக்கக் கேட்க வேண்டும்.